வழக்குக்குக் கொடுத்த ஆள்

ஆட்டோ இன்னும் தெருமுனை திரும்பவில்லை, அதற்குள் குரல் வந்துவிட்டது. நல்ல குரல். மதுரையில் ஏதோ ஸ்டுடியோவில் உட்கார்ந்து பேசிப் பதிந்திருக்கிறாள் அந்தப் பெண், ஆடித் தள்ளுபடிக்குக் கூப்பிடுகிற மாதிரி இருக்கிறது. அன்பார்ந்த வாக்காளப் பெருமக்களே, தாய்மார்களே, சுவர் விளம்பரத் தகராறில் சைக்கிள் கடை சீனிராஜை அடித்துக் கொன்றுவிட்டு ஜெயிலுக்குப் போன தவசிலிங்கத்தின் மகளுக்கா உங்கள் ஓட்டு, கொலைகாரன் மகளுக்கா உங்கள் பொன்னான ஓட்டு. கொலைகாரன் என்று சொல்லும்போதுகூட அவளுக்குச் சிரித்த முகமாகத்தான் இருக்கும், குரலில் தெரிகிறது. நான் சமையல்கட்டில் தரையில் காலை நீட்டி உட்கார்ந்து சின்ன வெங்காயம் உரித்துக்கொண்டிருக்கிறேன். தவசிலிங்கம் நான்தான். கட்சியில் சேர்ந்த புதிதில் மேடையில் என் பெயரை ஒருதடவை வாசித்துவிட மாட்டார்களா என்று ஏங்கிக் கிடந்திருக்கிறேன். பொன்னாடை போர்த்தியவர்கள், கொடியேற்றியவர்கள், வரவேற்றவர்கள், மற்றும் பலர். அந்தப் பலரில் நான் அடக்கம். இப்போது காலையிலிருந்து சாயங்காலம் வரைக்கும் வாசிக்கிறார்கள், தெருத் தெருவாக, அதுவும் எதிர்க்கட்சிக்காரன் டீசலில். எதையும் ஆசைப்பட்டால் கொஞ்சம் பார்த்து ஆசைப்பட வேண்டும். மகள் வெண்மதி எங்கள் வார்டுக்கு நிற்கிறாள். இந்தத் தடவை பெண்களுக்கு ஒதுக்கிய வார்டு. ஒரு பட்டாளம் பெண்களைக் கூட்டிக்கொண்டு விடிந்ததும் வீடு வீடாகப் போய்விடுகிறாள். எனக்குச் சொல்லியிருப்பது ஒன்றே ஒன்றுதான். ஓட்டுப்பதிவு முடிகிறவரை வாசலுக்கு வராதீங்கப்பா. வரவில்லை. உள்ளே இருப்பது எனக்குப் பழக்கம்தான்.

ஆட்டோ எங்கள் வீட்டு முன்னால் வந்ததும் மெதுவாகிறது. வேண்டுமென்றே. பாட்டுப் போடுகிறான், நிறுத்துகிறான், மறுபடியும் தாய்மார்களே. வெங்காயத்தின் மேல்தோல் ஈரத்தில் ஊறியிருந்தால் சட்டென்று கழன்று வரும், இது காய்ந்து கிடக்கிறது, நகத்தால் பிய்க்க வேண்டியிருக்கிறது. வெண்மதியோடு போகிற பெண்களுக்கும் சேர்த்து மத்தியானச் சோறு. பத்துப் பேர் என்றாள், முப்பது பேருக்குக் காணும் அளவுக்கு உரித்துவிட்டேன். ஜெயிலில் சமையல் கொட்டடியில் போட்டார்கள், அங்கே படிந்த அளவு கையை விட்டுப் போகவே இல்லை. வெளியே வந்த புதிதில் மூன்று பேருக்கு ஒரு அண்டா புளிக்குழம்பு வைத்தேன். குருவம்மா, என் பெண்டாட்டி, பார்த்துவிட்டு வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். "இனிமே தெருவுல சொல்லிவிடுங்க, எல்லாம் தட்டை எடுத்துக்கிட்டு வரட்டும்" என்றாள். அன்றைக்குத்தான் அவள் மறுபடி சிரித்தது. அவள் செத்து மூன்று ஆடி ஆகிவிட்டது. இருந்திருந்தால் இந்த ஆட்டோக்காரனை விளக்குமாற்றோடு விரட்டியிருப்பாள், அவளுக்கு அந்தத் திடம் உண்டு. எனக்குக் கிடையாது. எனக்குக் கோபம்கூட வரமாட்டேன் என்கிறது. வருவது கொட்டாவிதான். ஒரே பொய்யை நாள் முழுக்கக் கேட்டால் கோபம் செத்துப்போய்க் கொட்டாவி வந்துவிடும் போலிருக்கிறது. பொய் என்கிறேன். ஆமாம், பொய்தான். சீனிராஜை நான் அடிக்கவில்லை. அவன் அடிபட்ட இடத்திலேயே நான் இல்லை. இதை இப்படி மனசுக்குள் சொல்லிப் பார்க்கும்போதெல்லாம் யாராவது கேட்டுவிடுவார்களோ என்று ஒரு பயம் வரும், பழைய பயம், கால் நூற்றாண்டுப் பயம். சமையல்கட்டில் யார் இருக்கிறார்கள். வெங்காயம்தான் இருக்கிறது.

போன வாரம் முழுக்க ஒரு பேப்பர் கட்டிங் போனுக்குப் போன் பறந்தது. மருமகன் செல்போன் கடை வைத்திருக்கிறார், அவர் கடைக்கு ரீசார்ஜ் பண்ண வந்த ஒருத்தனே அவரிடம் காட்டியிருக்கிறான், பாத்தீங்களாண்ணே ஒங்க மாமனாரை என்று. பழைய போட்டோ. ரெண்டு போலீஸ்காரர்களுக்கு நடுவில் ஒருத்தன், தலையில் துண்டைப் போட்டு முகத்தை மூடியிருக்கிறான், ஒல்லிக் கால் ரெண்டு மட்டும் தெரிகிறது. அது நான்தான் என்று நானே சத்தியம் செய்ய முடியாது. வெண்மதி அதைப் பார்த்தாளா என்று தெரியவில்லை. பார்க்காமல் இருப்பாளா. என்னிடம் ஒன்றும் கேட்கவில்லை. அவள் கேட்கிற பிள்ளை இல்லை. நான் உள்ளே போகும்போது அவளுக்கு நாலு வயசு, வெளியே வரும்போது பத்து. அப்பா பம்பாயில இருக்காரு என்றுதான் பள்ளிக்கூடத்தில் சொல்லிவைத்திருந்தாளாம். வந்த முதல் வாரம் நான் சமையல்கட்டுக்குள் நுழைந்தால் அவள் எனக்கு முன்னால் ஓடிப்போய்க் கத்தியை எடுத்து அரிசிப் பானைக்குப் பின்னால் ஒளித்து வைப்பாள். நான் பார்க்காத மாதிரி இருப்பேன். தேங்காய்ச் சில்லைக் கையாலேயே ஒடித்துப் போடுவேன். அந்தப் பத்து வயசுப் பிள்ளை பானைக்கு முன்னால் கையைப் பின்னுக்குக் கட்டிக்கொண்டு நிற்குமே, அந்த நிற்பு என் நெஞ்சில் அப்படியே இருக்கிறது, ஜெயிலில் வாங்கின அடியெல்லாம் மறந்துபோயிற்று, இது மறக்கவில்லை. அப்போதே சொல்லியிருக்கலாம். அப்பா இல்லம்மா, அப்பா யாரையும் அடிக்கலம்மா. சொன்னால் பள்ளிக்கூடத்தில் போய் உளறிவிடும், அப்புறம் யார் யார் தலை உருளும். வளரட்டும் என்று வைத்தேன். வளர்ந்தாள். படிக்கட்டும் என்று வைத்தேன். கல்யாணம் முடியட்டும் என்று வைத்தேன். நல்ல துணியைப் பெட்டியில் மடித்து வைக்கிற மாதிரி அந்த ஒரு உண்மையை வைத்திருக்கிறேன். என்றைக்காவது ஒருநாள் எடுத்து உதறிக் காட்டுவேன், அப்பா என்று வந்து கட்டிக்கொள்வாள். அதற்காகத்தான் உயிரோடு இருக்கிறேன் என்று சொன்னால் பெரிய பேச்சாகத் தெரியும், ஆனால் வேறு எதற்கு என்று யோசித்தாலும் ஒன்றும் தட்டுப்படவில்லை.

எங்கள் கட்சியில் பெரியவர்களைப் பெயர் சொல்லிக் கூப்பிடுவதில்லை. நகரச் செயலாளரை நகரம் என்போம், மாவட்டச் செயலாளரை மாவட்டம். நகரம் சாப்பிட்டாச்சா, மாவட்டம் குளிக்கப் போயிருக்கு என்றுதான் பேச்சு, வெளியூர்க்காரன் கேட்டால் சிரிப்பான். சங்கையா அண்ணன் அன்றைக்கு நகரம், இன்றைக்கு மாவட்டம். ஆள் வளர வளர நிலமும் கூடிக்கொண்டே போகிறது. அந்தத் தேர்தலுக்கு முன்னால் பஞ்சாலைச் சுவர் யாருக்கு என்று சண்டை. நாலு மாசத்துக்கு முன்னாலேயே சுண்ணாம்பு அடித்துக் கட்சிப் பெயரை எழுதிவிட்டால் அந்தச் சுவர் அந்தக் கட்சிக்கு, யாரும் தொடக்கூடாது, அப்படி ஒரு தர்மம். சீனிராஜ் அவர்கள் கட்சிக்குப் பிடித்துப்போட்ட சுவர் அது. எங்கள் ஆட்கள் அதன் மேல் வெள்ளையடித்துவிட்டார்கள். அவன் வந்து கேட்டான், வாய் முற்றியது, சங்கையா அண்ணன் கையில் ஒரு இரும்புக் கம்பி. ஒரே அடி என்றார்கள். பாவி, அந்தச் சுவரில் இப்போது செல்போன் கம்பெனி விளம்பரம். நான் அந்த நேரத்தில் பெரியாஸ்பத்திரியில் பிள்ளைக்குக் காய்ச்சல் என்று அவளைத் தோளில் போட்டுக்கொண்டு சீட்டு வரிசையில் நின்றேன். மறுநாள் மத்தியானம் வக்கீல் ஆபீஸ் மாடியில் எல்லாரும் உட்கார்ந்திருந்தார்கள். கொலைக்கேசு, போலீசுக்கு ஆள் கொடுத்தாக வேண்டும். அதுவும் ஒரு வழக்கம்தான். செய்தவன் யார் என்று எல்லாருக்கும் தெரியும், ஆனாலும் கோர்ட்டில் போய் நிற்பதற்கு வேறு ஆளைப் பார்த்துக் கொடுப்பார்கள், வாங்குகிறவனும் வாங்கிக்கொள்வான். "குடும்பம் உள்ள ஆளாப் பாருங்க, ஒண்டிக்கட்டைன்னா ஓடிருவான்" என்று வக்கீல் சொல்வது படியேறும்போதே கேட்டது. என் கையில் டீ. கீழே கடையில் வாங்கி வரச் சொல்லியிருந்தார்கள். நான் உள்ளே வந்ததும் பேச்சு நின்றுவிட்டது, எல்லாரும் என்னைப் பார்த்தார்கள். டீ ஆறிப்போயிருக்கிறதோ என்று நினைத்தேன்.

"தவசி, மூணு மாசம்டா. ஜாமீன்ல எடுத்துருவேன். கேசு நிக்காது. ஓம் பிள்ளை எம் பிள்ளைடா." சங்கையா அண்ணன் என் ரெண்டு கையையும் பிடித்துக்கொண்டார். அவர் கை நடுங்கியது, அது எனக்கு என்னவோ செய்தது. அவ்வளவு பெரிய ஆள் என் கையைப் பிடித்து நடுங்குகிறாரே என்று பெருமையாக இருந்தது, வெட்கத்தை விட்டுச் சொல்கிறேன், பெருமையாகத்தான் இருந்தது. வீட்டுக்கு வந்து சொன்னபோது குருவம்மா அழவில்லை. "எங்கிட்ட ஒரு வார்த்தை கேட்டீகளா" என்றாள். அதோடு சரி. கேசு நிக்காது என்றார்கள், நன்றாகவே நின்றது. ஏழு வருடம் போட்டார்கள், தலைவர் பிறந்தநாளுக்குக் கழித்துக்கொண்டு கொஞ்சம் முன்னாலேயே விட்டார்கள். சங்கையா அண்ணன் சொன்ன சொல்லில் பாதியைக் காப்பாற்றினார் என்றுதான் சொல்ல வேண்டும். பிள்ளையைப் படிக்க வைத்தார். கல்யாணத்துக்கு அவரே வந்து தாலி எடுத்துக் கொடுத்தார். இந்த சீட்டும் அவர் கொடுத்ததுதான், தவசி குடும்பத்துக்குச் செய்யாம யாருக்குச் செய்ய என்று மேடையிலேயே சொன்னாராம். பழி ஓரிடம் பாவம் ஓரிடம் என்பார்கள். பாவம் இருக்கிற இடத்தில் காரும் பங்களாவும் இருக்கிறது, பழி இருக்கிற இடத்தில் சின்ன வெங்காயம்.

இதில் ஒரு கூத்து உண்டு. கம்பியை எடுத்துக் கொடுக்க வேண்டும் என்று இன்ஸ்பெக்டர் என்னை ஜீப்பில் கூட்டிப்போனார். பஞ்சாலைக்குப் பின்னால் கருவேலங்காடு, அங்கே ஒரு புதரில் நான் ஒளித்து வைத்த கம்பியை நானே எடுத்துக் கொடுக்கிறேன், சாட்சி எழுத வி.ஏ.ஓ. நிற்கிறார். வைத்தது யாரோ, எனக்கு எந்தப் புதர் என்று எப்படித் தெரியும். நான் பாட்டுக்கு ஒரு புதருக்குள் கையை விட்டேன். "அங்க இல்லடா, இந்தப் பக்கம் வா" என்றார் ஏட்டு. வி.ஏ.ஓ. வானத்தைப் பார்த்துக்கொண்டார். ஏட்டு காட்டிய புதரில் கம்பி இருந்தது. கையில் எடுத்தபோது அந்தக் கனம், அந்தத் துரு வாசம். அப்புறம் எங்கே நின்று எப்படி அடித்தாய் என்று நடித்துக் காட்டச் சொன்னார்கள், வக்கீல் சொல்லிக்கொடுத்தபடி நடித்துக் காட்டினேன். கோர்ட்டில் கேட்டார்கள். ஜெயிலில் கேட்டார்கள், அங்கே கோழி திருடினவனுக்கு மரியாதை கிடையாது, கொலைக்கேசு என்றால் பாய் போட இடம் விடுவான், அதனால் அங்கேயும் சொன்னேன், கொஞ்சம் காரம் மசாலா சேர்த்தே சொன்னேன். சொல்லிச் சொல்லி என்ன ஆயிற்று என்றால், இப்போது எனக்கு அது ஞாபகம் இருக்கிறது. நான் அடித்தது ஞாபகம் இருக்கிறது. சீனிராஜ் ஏணியைப் பிடிக்கக் கை நீட்டுகிறான், பிடி கிடைக்கவில்லை, சுண்ணாம்பு வாளி உருண்டு வேட்டியெல்லாம் வெள்ளை. ஏணி இருந்ததா என்றே எனக்குத் தெரியாது. ஆனால் தெரிகிறது. சில நாள் மத்தியானத் தூக்கத்தில் கம்பி உள்ளங்கையில் அதிர்கிற அதிர்ச்சியில் முழித்திருக்கிறேன். அப்போது ஆஸ்பத்திரி வரிசையை நினைத்துக்கொள்வேன், டெட்டால் வாசம், பிள்ளையின் மூச்சு கழுத்தில் சுடச்சுட, முன்னால் நின்ற கிழவரின் இருமல். அது நடந்தது. இது நடக்கவில்லை. அது நடந்தது, இது நடக்கவில்லை. ரெண்டு முறை சொன்னால் ரெண்டும் ஒன்றுபோலவே ஒலிக்கிறது. சமயத்தில் நடந்ததை விட நடக்காததுதான் தெளிவாக இருக்கிறது, அதைத்தானே நூறு பேரிடம் சொல்லியிருக்கிறேன். ஆஸ்பத்திரியை யாரிடமும் சொல்லவில்லை. சொல்லாதது தேய்ந்துகொண்டே போகிறது. வெண்மதியிடம் சொல்லாமல் நான் செத்துப்போனால் அது இந்த உலகத்தில் நடக்கவே இல்லை என்று ஆகிவிடும். அதுதான் இப்போதெல்லாம் என் பயம்.

ஆட்டோ பஜார் பக்கம் போய்விட்டது, சத்தம் தேய்ந்து கேட்கிறது. பஜார் என்றால் பஞ்சவர்ணம் கடை வழியாகத்தான் போக வேண்டும். சீனிராஜ் பெண்டாட்டி. புருஷன் போன பிறகு அவளே உட்கார்ந்து பஞ்சர் ஒட்டக் கற்றுக்கொண்டாள், சைக்கிள் போய் பைக் வந்தது, அதற்கும் கற்றுக்கொண்டாள். முந்தானையை இடுப்பில் செருகிக்கொண்டு டியூபைத் தண்ணீரில் அமுக்கிப் பார்ப்பாளாம். நான் பார்த்ததில்லை, அந்தப் பக்கம் போவதே இல்லை, பஸ் ஸ்டாண்டுக்குப் போக வேண்டுமென்றால்கூடப் பெருமாள் கோயிலைச் சுற்றித்தான் போவேன். ஒரே ஒருமுறை ரேஷன் கடையில் எதிரெதிரே வந்துவிட்டோம். அவள் என்னைப் பார்த்தாள். மேலிருந்து கீழ்வரை பார்த்தாள். காறி என் காலுக்குப் பக்கத்தில் துப்பிவிட்டு மண்ணெண்ணெய் டின்னைத் தூக்கிக்கொண்டு போனாள். சீனிராஜ் எனக்கு எத்தனையோ தடவை காசு வாங்காமல் காற்றடித்துக் கொடுத்தவன். அவள் துப்பியபோது மனசுக்குள் நான் சொல்லிக்கொண்டது இதுதான், அம்மா தாயி, துப்பு, நல்லாத் துப்பு, நான் இல்லை என்று ஒருநாள் தெரிந்தால் நீயே வருத்தப்படுவாய். அப்படி நினைத்ததில் ஒரு இனிப்பு இருந்தது. வாயில் கற்கண்டை ஒதுக்கிக்கொண்டு வெயிலில் நடக்கிற மாதிரி. அந்த இனிப்பில்தான் இத்தனை வருடம் ஓட்டியிருக்கிறேன். இப்போது அந்த ஆட்டோ அவள் கடை முன்னால் நின்று சைக்கிள் கடை சீனிராஜை என்று கத்தும். இந்தத் தெருவில் நான் கேட்பதைத்தான் அந்தத் தெருவில் அவளும் கேட்கிறாள். அடித்தவர் தெற்குத் தெருவில் ஏ.சி. போட்டுக்கொண்டு இருப்பார், அவர் வீட்டுப் பக்கம் இந்த ஆட்டோ போவதில்லை.

இன்றைக்குச் சொல்லிவிட வேண்டும். வெங்காயத்தைக் கழுவி வாணலியில் போடும்போது முடிவு செய்தேன். ஓட்டுக்காக இல்லை, ஓட்டு என்னவோ ஆகட்டும். பிள்ளை வெயிலில் வீடு வீடாகப் போய்க் கும்பிடுகிறாள், ஒவ்வொரு வாசலிலும் அந்தப் பேச்சை வாங்கிக்கொண்டு பல்லைக் கடித்துச் சிரிக்கிறாள், தன் அப்பன் கொலைகாரன் என்றே நினைத்துக்கொண்டு சிரிக்கிறாள். அதுதான் தாங்கவில்லை. சாப்பிட வருவாள், சொல்லிவிடலாம். சொன்னால் அவள் சங்கையா முகத்தில் எப்படி முழிப்பாள். முழிக்கட்டும், முழிக்காமல் போகட்டும். சீட்டு போனால். போகட்டும். இல்லை, எலக்‌ஷன் முடியட்டும், நாலு நாள்தான். பார்த்தாயா, மறுபடியும் முடியட்டும். இந்த முடியட்டும் என்பதுதான் என் வியாதி. கடுகு பொரிந்தது, அடுப்பைத் தணிக்க மறந்துபோய்க் கொஞ்சம் கருகிவிட்டது.

வாசலில் செருப்புச் சத்தம், பெண்கள் பேச்சு. கூட வந்தவர்கள் பந்தலிலேயே உட்கார்ந்துவிட்டார்கள். சோற்றையும் குழம்பையும் எடுத்துக்கொண்டு போய் வைத்துவிட்டு வெண்மதி உள்ளே வந்தாள். தொண்டை கட்டியிருக்கிறது. காலெல்லாம் புழுதி. தரையில் என் எதிரில் சம்மணம் போட்டு உட்கார்ந்து தட்டை இழுத்துக்கொண்டாள்.

"அப்பா, நாளைக்குச் சாயங்காலம் கூட்டத்துக்கு நீங்க வரணும்."

"நானா? வாசலுக்கே வரக்கூடாதுன்னியேம்மா."

"அது போன வாரம். ஒங்களை ஒளிச்சு வச்சாத்தான் அவங்க பேசுறாங்க. நாமளே மேடையில ஏத்திட்டா அப்புறம் பேச என்ன இருக்கு? எங்கப்பா தப்புப் பண்ணாரு, தண்டனை அனுபவிச்சாரு, திருந்திட்டாருன்னு நானே சொல்லிருவேன். மாவட்டமும் அதான் சரின்னு சொல்லிட்டாரு. அவரும் வர்றாரு."

"ஏறி நான் என்ன செய்ய?"

"பஞ்சவர்ணம் அம்மாவும் மேடைக்கு வருது. நீங்க அது கால்ல விழுந்து மன்னிப்புக் கேக்கணும்." ரசத்தை ஊற்றிப் பிசைந்துகொண்டே சொன்னாள். என்னைப் பார்க்கவில்லை. "பேச வேண்டாம். கால்ல விழுந்தாப் போதும்."

எனக்குக் காதில் வண்டு குடைந்தது. நடு நாற்காலியில் சங்கையா அண்ணன், தோளில் துண்டு, பக்கத்தில் பஞ்சவர்ணம், நான் குனிகிறேன். அவர் கண்ணைத் துடைத்துக்கொள்வார். அவருக்குச் சட்டென்று கண் கலங்கும். உண்மையை மடித்து வைத்திருந்த பெட்டியைத் திறந்துவிட்டேன், இனி மூட முடியாது.

"வெண்மதி, ஒண்ணு சொல்லணும்மா. அன்னைக்கு நான் அந்த எடத்துலயே இல்ல. சீனிராஜை அடிச்சது நான் இல்லம்மா."

அவள் கை நிற்கவில்லை. ஒரு வாய் எடுத்துச் சாப்பிட்டாள். மென்றாள்.

"தெரியும்ப்பா."

நான் எத்தனையோ விதமாக நினைத்து வைத்திருந்தேன். அழுவாள், சண்டை போடுவாள், ஏன்ப்பா இத்தனை நாள் சொல்லலை என்று மார்பில் குத்துவாள். தெரியும்ப்பா என்று ரசம் சோற்றுக்கு நடுவில் சொல்வாள் என்று மட்டும் நினைக்கவில்லை. "யாரு சொன்னா" என்று கேட்டேன்.

"அம்மாதான். நான் காலேஜ் சேந்த வருசம்." அப்புறம் நிமிர்ந்து பார்த்தாள். "ஊருக்கே தெரியும்ப்பா. ஆட்டோல பேச விட்டிருக்கானே, அவனுக்குத் தெரியாதா? நீங்க ஒருத்தர்தான் அதை ரகசியம்னு வச்சிருக்கீங்க."

"பின்ன ஏன் என் பேரைச் சொல்றான்? அவரு பேரைச் சொல்ல வேண்டியதுதான?"

"சொல்லிட்டு நாளைக்குக் கூட்டணின்னு வந்தா எப்பிடி மொகத்துல முழிப்பான்?"

"நீயும் தெரிஞ்சேதான் என்னை விழச் சொல்றியா?"

தட்டில் விரலால் கோடு போட்டாள். "நீங்க செய்யலைன்னு நான் சொன்னா, அப்ப யாருன்னு கேப்பாங்க. நான் யாரு பேரைச் சொல்ல? என்னைப் படிக்க வச்சது யாரு, எனக்குத் தாலி எடுத்துக் குடுத்தது யாரு? நீங்க போட்ட முடிச்சுதான்ப்பா, நான் அதுக்குள்ளதான வளந்தேன்." கண் நிறைந்துவிட்டது, இடது கையால் துடைத்தாள். எனக்குக் கோபம் வந்தது, அப்பாடா, இத்தனை நாளைக்கு அப்புறம் வந்தது, வந்து யார் மேல் போவது என்று தெரியாமல் என் மேலேயே வந்து உட்கார்ந்தது.

"பஞ்சவர்ணத்துக்கும் தெரியுமா?"

"அதுக்கு மொத நாளே தெரியும்."

"அப்ப என்னைப் பாத்து எதுக்குத் துப்புனா?"

வெண்மதி செம்பை எடுத்துத் தண்ணீர் குடித்தாள். "நானும் கேட்டேன்ப்பா, கடையிலயே வச்சுக் கேட்டேன். 'ஒங்கப்பன் அடிச்சாருன்னா நான் துப்புனேன்? அடிச்சவனுக்குப் பதிலாப் போயி உக்காந்தாரே, அதுக்குத் துப்புனேன். அவரு போகலைன்னா அவன் போயிருப்பான்ல' அப்படின்னுச்சு."

"பின்ன எதுக்கு மேடைக்கு வர ஒத்துக்கிட்டா?"

"தெரியல. 'வரச் சொல்லு, வந்து எங்கிட்ட என்னதான் சொல்றாருன்னு பாக்கேன்' அப்படின்னுச்சு." எழுந்து கையைக் கழுவினாள். வாசல்வரை போனவள் திரும்பி வந்து என் பக்கத்தில் குந்தி உட்கார்ந்தாள். "அப்பா, மேடையில வேற ஒண்ணும் சொல்லிறாதீங்க. இந்த ஒரு தடவை மட்டும். எனக்காக." என் முழங்கால் மேல் அவள் கை ஈரமாக இருந்தது. சரிம்மா என்றேன். வேறு என்ன சொல்ல. போய்விட்டாள். வெளியே பெண்கள் எழுந்து கோஷம் போட்டுக்கொண்டு போவது கேட்டது, வாக்களிப்பீர் வாக்களிப்பீர்.

கருகின வாணலியைத் தேய்க்கப் போட்டுவிட்டு உட்கார்ந்திருக்கிறேன். கால் நூற்றாண்டாகக் கற்கண்டு என்று ஒதுக்கி வைத்திருந்தது வெறும் கூழாங்கல். நான் இல்லை, நான் இல்லை என்று சொல்லிக்கொண்டிருந்தேனே, பஞ்சவர்ணமும் அதைத்தானே சொல்லியிருக்கிறாள், நீ இல்லை, அப்புறம் எதற்கு நடுவில் வந்து நின்றாய். அவள் கேட்டது நியாயம். அந்தக் கேள்வியை ஜட்ஜ் கேட்கவில்லை, வக்கீல் கேட்கவில்லை, என் பெண்டாட்டிகூட எங்கிட்ட கேட்டீகளா என்றுதான் கேட்டாள், பஞ்சவர்ணத்திடம் கேட்டீகளா என்று யாரும் கேட்கவில்லை, எனக்கும் தோன்றவில்லை. டீயைக் கீழே வைத்துவிட்டு, மாட்டேன்ணே என்று ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் போதும். அசதியாக இருக்கிறது. படுத்தால் எழுந்திருக்க மாட்டேன் போலிருக்கிறது. நாளைக்கு விழத்தான் வேண்டும், சரி என்று சொல்லிவிட்டேன், பிள்ளைக்குக் கொடுத்த வார்த்தையை மீற மாட்டேன். முழங்கால் வலிக்கும், ஒரு கையைத் தரையில் ஊன்றித்தான் குனிய முடியும். கூட்டம் கை தட்டும், கேமராக்காரன் ஓடி வருவான், வெண்மதி மைக்கில் பேசிக்கொண்டிருப்பாள். மைக் மேலே நிற்கும். காலில் விழுகிறவன் வாய்க்கு யாரும் மைக் வைப்பதில்லை. அங்கே, பஞ்சவர்ணத்தின் பாதத்துக்குப் பக்கத்தில், நான் சொல்வது அவள் ஒருத்திக்கு மட்டும்தான் கேட்கும். மன்னிச்சிரு தாயி என்று கேட்க மாட்டேன். உன் புருஷனை அடித்தது யார் என்று எனக்குத் தெரியும், தெரிந்தேதான் மறைத்தேன் என்று சொல்லி, அவளுக்கு முதல் நாளே தெரிந்த அந்தப் பெயரை என் வாயால் சொல்வேன். அதற்கப்புறம் நான் எழுந்திருக்கலாமா வேண்டாமா என்பதை அவள் சொல்லட்டும்.